கறிக்கடையில் ஒரு டைனோசர்

"மாமா, டைனோசர் இருந்தப்ப மனுசங்க எல்லாம் எங்க ஒளிஞ்சிருந்தாங்க?"

அக்கா மகன் இரண்டாம் வகுப்பு. அவன் பார்க்கிற கார்ட்டூன்களில் தோலாடை கட்டிய மனிதர்கள் டைனோசர் முதுகில் ஏறி வேலைக்குப் போகிறார்கள். அப்படி இருக்கும்போது சந்தேகம் நியாயம்தான். "ஒளியலடா, அப்ப நாம பொறக்கவே இல்ல" என்றேன். "டைனோசரோட பேரப் பிள்ளைங்க எல்லாம் எங்க?" என்றான். மதில் மேல் உட்கார்ந்திருந்த காக்காவைக் காட்டினேன். அவன் நம்பவில்லை. அவன் அம்மாவும் நம்பவில்லை. "முதலையச் சொல்றத விட்டுட்டு காக்காவச் சொல்றியேடா, சின்னப் புள்ளைகிட்ட" என்றாள் அக்கா. இந்தக் கட்டுரையை அக்காவுக்காகத்தான் எழுதுகிறேன்.

முதலில் காலக்கணக்கு. டைனோசர்கள் தோன்றி ஏறக்குறைய 23 கோடி ஆண்டுகள் ஆகின்றன. டைனோசர் என்றதும் நம் நினைவுக்கு வரும் அந்தப் பெரிய உருவங்கள் அழிந்து 6.6 கோடி ஆண்டுகள். நம் இனமான ஹோமோ சேப்பியன்ஸ் தோன்றி சுமார் 3 லட்சம் ஆண்டுகள். மொராக்கோ நாட்டில் ஜெபல் இர்ஹூத் என்ற இடத்தில் கிடைத்த எலும்புகளை வைத்து இந்த 3 லட்சத்தைச் சொல்கிறார்கள்.

கோடி, லட்சம் என்று அடுக்கினால் மண்டையில் ஏறாது. ஒரு பள்ளிக்கூட ஸ்கேலை எடுத்துக்கொண்டு ரயில்வே பிளாட்பாரத்துக்கு வாருங்கள். ஸ்கேலில் ஒரு மில்லிமீட்டர் என்பது ஆயிரம் ஆண்டு. ரயிலின் முதல் பெட்டி தொடங்குகிற முனைதான் இன்றைய நாள். அங்கிருந்து பின்பக்கமாக அளந்துகொண்டு போகலாம்.

எழுபது வயது வாழ்ந்த ஒருவரின் ஆயுள் இந்தக் கணக்கில் ஒரு தலைமுடியின் தடிமன். கீழடி 2.6 மில்லிமீட்டர். எகிப்தின் பெரிய பிரமிடு 4.5 மில்லிமீட்டர். 30 சென்டிமீட்டர் ஸ்கேல் முழுவதும் தீர்ந்தால் நம் இனத்தின் மொத்தக் கதையும் முடிந்தது. எத்தியோப்பியாவில் 1974-இல் எலும்புக்கூடாகக் கிடைத்த, இரண்டு காலில் நடந்த ஆதி மனித இனத்தவளான 'லூசி' 3.2 மீட்டரில் நிற்கிறாள், முதல் பெட்டியின் வாசலைத் தாண்டிக் கொஞ்ச தூரம். சிம்பன்சியிடமிருந்து நம் கிளை பிரிந்ததை எவ்வளவு பின்னால் தள்ளினாலும் அந்த முதல் பெட்டியின் பாதியைத் தாண்டாது.

கடைசி டைனோசரைப் பார்க்க 66 மீட்டர் நடக்க வேண்டும். ஒரு பெட்டி சுமார் 22 மீட்டர் என்றால், மூன்றாம் பெட்டி முடிகிற இடம். டைரனோசரஸ் அங்கே நிற்கிறது. முதுகில் பட்டை பட்டையாகத் தகடு வைத்த ஸ்டெகோசரஸ் வேண்டுமானால் 150 மீட்டர், ஏழாம் பெட்டி. முதல் டைனோசர்கள் பதினோராம் பெட்டியில்.

இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. படக்கதைகளில் டைரனோசரஸும் ஸ்டெகோசரஸும் சண்டை போடும். இரண்டுக்கும் நடுவே 80 மீட்டர் இடைவெளி. டைரனோசரஸிலிருந்து நமக்கு 66 மீட்டர்தான். காலத்தைப் பொறுத்தவரை ஸ்டெகோசரஸைவிட நாம்தான் டைரனோசரஸுக்குப் பக்கத்து வீட்டுக்காரர்கள்.

சரி, இந்த வயதெல்லாம் எப்படித் தெரியும்? பலரும் "கார்பன் டேட்டிங்" என்று சொல்லிவிடுவார்கள். அது தவறு. கார்பன்-14 என்ற கதிரியக்கக் கார்பன் 5,730 ஆண்டுகளில் பாதியாகக் குறைந்துவிடும். ஐம்பதாயிரம் ஆண்டுகளுக்கு மேல் பழையது என்றால் அளக்கிற அளவுக்கு மிச்சம் எதுவும் இருக்காது. கீழடிக் கரித்துண்டுக்கு அது சரி, டைனோசருக்கு ஆகாது. டைனோசருக்குப் பெரிய கடிகாரம் வேண்டும். எரிமலைச் சாம்பலில் இருக்கும் பொட்டாசியம்-40 பாதியாகக் குறைய 125 கோடி ஆண்டுகள் எடுக்கும். சிர்கான் என்ற பொடிப் படிகத்துக்குள் சிக்கிய யுரேனியம், ஈயமாக மாறப் பல கோடி ஆண்டுகள் எடுக்கும். எவ்வளவு மாறியிருக்கிறது என்று எண்ணினால் சாம்பல் விழுந்த காலம் தெரியும். எலும்பு கிடந்த பாறை அடுக்குக்கு மேலே ஒரு சாம்பல் அடுக்கு, கீழே ஒரு சாம்பல் அடுக்கு. வீட்டுப் பரணில் 1987-ஆம் ஆண்டுச் செய்தித்தாளுக்கு மேலும் 1992-ஆம் ஆண்டுச் செய்தித்தாளுக்குக் கீழும் தேதியில்லாத ஒரு கடிதம் அகப்பட்டால் என்ன சொல்வோம்? அதே கணக்குதான்.

இத்தனை காலம், இத்தனை நாடுகளில் தோண்டியும் மனித எலும்போ, ஒரு கல் ஆயுதமோ டைனோசர் எலும்பு கிடக்கும் அடுக்கில் கிடைத்ததில்லை. கிடைத்ததாகச் சொன்னவை உண்டு. அமெரிக்காவின் டெக்சாஸில் பலக்ஸி ஆற்றுப் படுகையில் டைனோசர் காலடிகளுக்கு நடுவே மனிதக் கால்தடம் போல நீளமாகச் சில பள்ளங்கள் தெரிந்தன. ராட்சத மனிதர்கள் நடந்த தடம் என்று ரொம்ப நாள் பேசினார்கள். கிட்டப் போய்ச் சுத்தம் செய்து பார்த்தபோது, விரல்களை மட்டும் ஊன்றாமல் பாதத்தின் பின்பகுதியையும் பதித்து நடந்த டைனோசரின் தடம் என்று தெரிந்தது. விரல் பதிந்த இடங்களைச் சேறு மூடியிருந்தது. போதாக்குறைக்கு, 1930-களின் பஞ்ச காலத்தில் உள்ளூர்க்காரர்கள் சிலர் மனிதக் கால்தடத்தைத் தாங்களே கல்லில் செதுக்கி விற்றுக் காசு பார்த்திருக்கிறார்கள். பசி வந்தால் பத்தும் பறக்கும் என்பார்கள், வரலாறும் பறக்கும்போல.

நம் பக்கம் வாட்ஸ்அப்பில் சுற்றுவது வேறு: கோயில் தூணில் இருக்கும் யாளி. "பார்க்காமலா சிற்பி செதுக்கினான்?" என்பார்கள். யாளியின் முகத்தைப் பாருங்கள், சிங்கம். துதிக்கையைப் பாருங்கள், யானை. இரண்டும் சிற்பி பார்த்த, அல்லது கேள்விப்பட்ட மிருகங்கள். இரண்டையும் ஒட்டவைக்கக் கற்பனை போதும், டைனோசர் தேவையில்லை.

ஆனால் தமிழ்நாட்டு மண்ணில் டைனோசரே இல்லை என்று நினைத்துவிடக் கூடாது. அரியலூர், பெரம்பலூர் பக்கம் டைனோசர் காலத்தில் கடல் வந்து வந்து போனது. அந்தக் கடலில் வாழ்ந்த, நத்தை ஓடு போலச் சுருண்ட அம்மோனைட்டுகள் இன்றும் அங்கே கல்லாகக் கிடக்கின்றன. சாத்தனூரில் கல்லாய்ப் போன ஒரு பெரிய மரமே படுத்திருக்கிறது. 2020-இல் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் உருண்டை உருண்டையாகக் கற்கள் கிடைத்தபோது "டைனோசர் முட்டை" என்று ஊரே திரண்டது. நிபுணர்கள் வந்து பார்த்து, அம்மோனைட்டைச் சுற்றிப் படிவு சேர்ந்து இறுகிய கல் என்றார்கள். முட்டைதான் பொய். அரியலூர் மாவட்டம் கல்லமேட்டில் கிடைத்த எலும்பு உண்மை. புருகத்காயோசரஸ் என்று பெயர் வைத்தார்கள், பேருடல் கொண்டது என்று பொருள். அதன் முழங்காலுக்குக் கீழுள்ள எலும்பு மட்டும் 2 மீட்டர் நீளம். பாதுகாக்க வழியில்லாமல் அது நொறுங்கிப்போய்விட்டது. படங்கள்தான் மிச்சம். அந்த விலங்கு நடந்த காலத்தில் இந்தியா ஆசியாவோடு ஒட்டவே இல்லை, கடலில் வடக்கே நகர்ந்துகொண்டிருந்த தனித் தீவு.

மனிதர்கள் இல்லை, சரி. நம் முன்னோர்கள்? அவர்கள் இருந்தார்கள். பாலூட்டிகள் சுமார் 20 கோடி ஆண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டன. பெரும்பாலும் மூஞ்சூறு அளவு, பெரும்பாலும் இரவில் நடமாட்டம். டைனோசர் காலடியில் மிதிபடாமல் பிழைத்த பரம்பரை நாம். எல்லாமே சாதுவாக இருந்ததாகவும் சொல்ல முடியாது. சீனாவில் கிடைத்த ரெபெனோமாமஸ் என்ற பாலூட்டியின் வயிற்றுப் பகுதியில் ஒரு குட்டி டைனோசரின் எலும்புகள் இருந்தன. ஆக, அக்கா மகன் கேட்ட "எங்க ஒளிஞ்சிருந்தாங்க?" என்ற கேள்வி அவ்வளவு தப்பில்லை. வளைக்குள் ஒளிந்திருந்தவர்கள் நம் பாட்டன்மார்தான், கொஞ்சம் வாலோடு.

அடுத்து, காக்கா வழக்கு. இதற்குச் சாட்சி கறிக்கடையில் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை போகும்போது "பீஸ் போடாதீங்க அண்ணே, கோழிய முழுசாக் கொடுங்க, காலும் வேணும்" என்று கேட்டு வாங்கி வாருங்கள். கடைக்காரர் ஒரு மாதிரி பார்ப்பார், பரவாயில்லை.

முதலில் கால். மஞ்சள் நிறத்தில் செதில் செதிலான தோல், முன்னால் மூன்று விரல், நுனியில் நகம். டைரனோசரஸ் இருந்த டைனோசர் கூட்டத்துக்குத் தெரோபாட் என்று பெயர். அதன் காலடித் தடமும் மூன்று விரல்தான். கோழிக்கு முழங்கால் பின்பக்கமாக மடங்குகிறது என்று நினைத்திருப்போம். அது முழங்கால் கிடையாது, கணுக்கால். முழங்கால் மேலே இறகுக்குள் மறைந்திருக்கிறது. கோழி ஆயுள் முழுவதும் குதிகாலைத் தரையில் வைக்காமல் விரலிலேயே நடக்கிறது. டைரனோசரஸும் அப்படித்தான் நடந்தது.

அடுத்தது, கழுத்து முடிந்து நெஞ்சு தொடங்கும் இடத்தில் உண்டிவில் கவட்டை மாதிரி ஒரு மெல்லிய எலும்பு. இரண்டு காறை எலும்பும் ஒட்டி ஒன்றானது. பல காலம் இது பறவைக்கே உரியது என்று நினைத்தார்கள். பிறகு தெரோபாட் எலும்புக்கூடுகளில் ஒன்றன்பின் ஒன்றாகக் கிடைத்தது, டைரனோசரஸிலும்.

மூன்றாவதுதான் எனக்குப் பிடித்தது. லெக் பீஸைத் திருகி எடுத்துவிட்டு, தொடை எலும்பின் உருண்டைத் தலை பொருந்தியிருந்த இடுப்புக் குழியைப் பாருங்கள். நம் இடுப்பில் அது கிண்ணம், அடியில் எலும்பு இருக்கும். கோழியில் அது ஓட்டை. சவ்வை நீக்கினால் விரலை இந்தப் பக்கம் வைத்து அந்தப் பக்கம் பார்க்கலாம். ஒரு எலும்புக்கூடு டைனோசருடையதா என்று தீர்மானிக்கத் தொல்லுயிரியலாளர்கள் தேடுகிற முக்கியமான அடையாளங்களில் ஒன்று இந்த ஓட்டை. கால்கள் பக்கவாட்டில் விரியாமல் உடம்புக்கு நேர் கீழே தூண் மாதிரி நிற்பதற்கு ஏற்ற அமைப்பு. முதலைக்கு இது இல்லை. அக்கா கவனிக்கவும்.

இந்த ஒற்றுமை நேற்று கண்டுபிடித்ததில்லை. 1861-இல் ஜெர்மனியின் சோல்ன்ஹோஃபன் சுண்ணாம்புக் கல்லில் ஆர்க்கியோப்டெரிக்ஸ் கிடைத்தது. வயது 15 கோடி ஆண்டு. இறகு இருக்கிறது, கூடவே வாயில் பல், இறக்கையில் நகம், எலும்புள்ள நீண்ட வால். இங்கிலாந்து உயிரியலாளர் தாமஸ் ஹக்ஸ்லி அப்போதே பறவைக்கும் டைனோசருக்கும் உறவு உண்டு என்றார். அப்புறம் அது கிடப்பில் போனது. 1960-களில் டைனோனிகஸ் என்ற வேகமான டைனோசரைக் கண்டெடுத்த அமெரிக்கத் தொல்லுயிரியலாளர் ஜான் ஆஸ்ட்ரம், அதன் கை எலும்புகளை வைத்து 1970-களில் வழக்கை மறுபடி எடுத்தார். 1996-இல் சீனாவின் லியாவ்னிங்கில் உடம்பெங்கும் பஞ்சு போன்ற இறகிழைகளோடு சைனோசரோப்டெரிக்ஸ் வெளிவந்ததும் எதிர்ப்பு ஏறக்குறைய அடங்கியது. அதன் இறகில் நிறமித் துகள்கள் மிஞ்சியிருந்ததால், வால் செம்பழுப்பும் வெள்ளையுமாக வரிவரியாக இருந்தது என்றுகூடச் சொல்ல முடிந்தது. பறக்காத விலங்குக்கு எதற்கு இறகு? குளிருக்கும் பகட்டுக்கும் இருந்திருக்கும். பறப்பது பின்னால் வந்த உபயோகம்.

எலும்பைவிட ஒரு கதை என்னை அதிகம் தொட்டது. 1923-இல் மங்கோலியாவின் கோபிப் பாலைவனத்தில் அமெரிக்கர்கள் தோண்டியபோது ஒரு முட்டைக் குவியலும் அதன்மேல் ஒரு டைனோசரும் கிடைத்தன. வேறொரு டைனோசரின் முட்டையைத் திருட வந்து செத்தது என்று முடிவு கட்டி, ஓவிராப்டர் என்று பெயர் வைத்தார்கள். முட்டைத் திருடன் என்று பொருள். எழுபது ஆண்டு அந்தக் கெட்ட பெயரோடு இருந்தது. 1993-இல் அதே பாலைவனத்தில் அதே மாதிரி முட்டைக்குள் இருந்த கருவைப் பார்த்தார்கள். கரு ஓவிராப்டர் குடும்பத்துடையது. திருடன் இல்லை, பெற்றோர். அதன் உறவு டைனோசரான சிட்டிபாட்டியின் எலும்புக்கூடு ஒன்றும் கிடைத்தது. வட்டமாக அடுக்கிய முட்டைகளுக்கு நடுவே கால் மடித்து உட்கார்ந்து, இரண்டு கைகளையும் விரித்து முட்டைகளை மூடியபடி மணலில் புதைந்திருக்கிறது. அடைக்கோழியைக் கிளப்பப் பார்த்துக் கொத்து வாங்கியவர்களுக்கு அந்தக் கோலம் உடனே புரியும். பெயரை மட்டும் மாற்றவில்லை. அறிவியல் பெயர் வைக்கும் விதிப்படி முதலில் வைத்த பெயர்தான் நிற்குமாம். எனக்கு இது அநியாயமாகத்தான் படுகிறது.

முட்டையில் இன்னொரு சங்கதி. கோழி முட்டையிடும் பருவத்தில் ஓடு செய்யச் சுண்ணாம்புச் சத்து வேண்டுமென்று கால் எலும்புக்குள் தற்காலிகமாக ஒரு தனி எலும்புத் திசுவைச் சேமித்து வைக்கும். 2005-இல் தொல்லுயிரியலாளர் மேரி ஷ்வைட்சர் குழுவினர் மொன்டானாவில் கிடைத்த ஒரு டைரனோசரஸின் தொடை எலும்புக்குள் அதே மாதிரித் திசுவைப் பார்த்ததாக எழுதினார்கள். முட்டையிடப்போகும் ஒரு பெண் டைரனோசரஸ்.

இப்போது அக்காவின் முதலை. முதலையும் டைனோசரும் பங்காளிகள். சுமார் 25 கோடி ஆண்டுகளுக்கு முன்பு ஒரே பாட்டனுக்குப் பிறந்த இரண்டு கிளைகள். ஒன்று முதலை வழி, மற்றது டைனோசர் வழி. பெரியப்பா மகன் என்னதான் அச்சு அசல் நம் தாத்தா மாதிரியே இருந்தாலும் அவன் நம் பிள்ளை ஆகிவிட மாட்டான். முதலை அப்படி. அது டைனோசர் காலத்திலேயே இருந்தது, கூடவே வாழ்ந்தது, ஆனால் டைனோசருக்குப் பிறந்ததில்லை. பல்லி, ஓணான், உடும்பு, கொமோடோ டிராகன், பாம்பு எல்லாம் இன்னும் தூரத்துச் சொந்தம். இன்று உயிரோடிருப்பவற்றில் முதலைக்கு மிக நெருங்கிய உறவு பல்லி என்றுதான் யாரும் சொல்வோம். உண்மையில் அது பறவை. இதயத்தைப் பிளந்து பார்த்தால் முதலைக்கும் காக்காவுக்கும் நான்கு அறை, பல்லிக்கு மூன்று. முதலைத் தாய் கூட்டைக் காவல் காக்கும், குஞ்சைத் தூக்கிக்கொண்டு போய்த் தண்ணீரில் விடும். பல்லி முட்டை போட்டதோடு சரி.

அதே போல, வானத்தில் பறந்த டெரோசர்கள் டைனோசர் இல்லை, கடலில் நீந்திய நீண்ட கழுத்துக்காரர்களும் இல்லை. மாமத் யானை பாலூட்டி. அதனோடு மனிதர்கள் வாழ்ந்தது மட்டும் நிஜம். பிரமிடு கட்டி முடித்த பிறகும் ஆர்க்டிக் தீவு ஒன்றில் கடைசி மாமத்துகள் இருந்தன. நம் ஸ்கேலில் வெறும் 4 மில்லிமீட்டர் தள்ளி.

6.6 கோடி ஆண்டுக்கு முன் மெக்சிகோவின் யுகடான் பகுதியில் சுமார் 10 கிலோமீட்டர் அகலமுள்ள விண்கல் மோதியது. சிக்சுலுப் என்கிற அந்தப் பள்ளம் ஏறக்குறைய 180 கிலோமீட்டர் அகலம், இன்று மண்ணுக்கும் கடலுக்கும் அடியில் கிடக்கிறது. தூசியும் புகையும் வெயிலை மறைத்தன, காடுகள் பட்டன. மரத்தை நம்பிய பறவைகளும் பெரும்பாலும் போயின. தப்பியவை சின்ன உடம்பு, தரையில் நடமாட்டம், பல் இல்லாத அலகு, மண்ணில் கிடந்த விதையைப் பொறுக்கித் தின்னும் பழக்கம் என்றிருந்தவை என்கிறார்கள். கோழியின் மேய்ச்சலை நினைத்துக்கொள்ளுங்கள். பெல்ஜியத்தில் கிடைத்து 2020-இல் விவரிக்கப்பட்ட ஆஸ்டீரியோர்னிஸ், விண்கல் விழுவதற்குச் சில லட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த பறவை. பாதி வாத்து, பாதி கோழி என்று சொல்லும்படியான மண்டையோடு. ஆய்வாளர்கள் அதற்கு 'அதிசயக் கோழி' என்று செல்லப்பெயர் வைத்தார்கள். அப்படித் தப்பியவற்றின் வாரிசுகள் இன்று ஏறக்குறைய 11,000 பறவை இனங்கள். பாலூட்டி இனங்கள் மொத்தம் ஆறாயிரத்துச் சொச்சம். எண்ணிக்கையில் டைனோசர்கள் இன்னும் நம்மை முந்திக்கொண்டுதான் இருக்கின்றன.

இதையெல்லாம் சொன்னதும் அக்கா மகன், "அப்ப கோழியோட தாத்தா டைரனோசரஸா?" என்றான். அதுவும் இல்லை. ஆர்க்கியோப்டெரிக்ஸ் 15 கோடி ஆண்டு பழையது, டைரனோசரஸ் 6.8 கோடி. பேரன் பிறந்து எத்தனையோ தலைமுறைக்குப் பிறகு தாத்தா பிறக்க முடியாது. டைரனோசரஸ் பறவைக்குத் தாத்தா வழியில் வந்த ஒரு தூரத்துப் பெரியப்பா, அவ்வளவுதான். "எந்தப் பறவை அதுக்கு ரொம்ப நெருக்கம்? நெருப்புக்கோழிதானே, அதுதான் பெருசு?" என்று விடாமல் கேட்டான். உயரம் பார்த்துச் சொந்தம் வராது. இன்றுள்ள பறவைகள் எல்லாம் ஒரே பறவை மூதாதையிடமிருந்து வந்தவை. அதனால் நெருப்புக்கோழி, காக்கா, சிட்டுக்குருவி, நேற்று குழம்பில் கிடந்த கோழி, எல்லாவற்றுக்கும் டைரனோசரஸ் ஒரே தூரம்தான்.